ஒரு செடிக்குக் காவல்

2010-ஆம் ஆண்டு, மே மாதம். இங்கிலாந்தின் வடமேற்குப் பகுதியில், லங்காஷயரில், சில்வர்டேல் என்று ஒரு சின்ன ஊர். அங்கே ஒரு கோல்ஃப் மைதானம். அந்த மைதானத்துக்குத் திடீர்னு போலீஸ் ரோந்து வர ஆரம்பிச்சது. கொலை எதுவும் நடக்கலை. பெரிய மனுஷர் யாரும் விளையாட வரலை. மைதானத்து ஓரத்தில் ஒரு செடி பூக்கப் போகுது, அவ்வளவுதான். அதுக்கு முந்தின வருஷம் யாரோ வந்து அந்தச் செடியில் பெரும்பகுதியை வெட்டி எடுத்துக்கிட்டுப் போயிருந்தாங்க. மறுபடி அப்படி நடந்துடக் கூடாதுன்னுதான் போலீஸ்.

ஒரு செடிக்குப் போலீஸ் காவலான்னு சிரிப்பு வரலாம். ஆனா இந்தச் செடியோட கதையில் இது கடைசி அத்தியாயங்களில் ஒண்ணு. முதல் அத்தியாயம் கிட்டத்தட்ட 400 வருஷத்துக்கு முன்னாடி ஆரம்பிக்குது. இன்னைக்கு அந்த முழுக் கதையையும் பார்க்கலாம்.

பூவோட பெயர் லேடீஸ் ஸ்லிப்பர் ஆர்க்கிட். தமிழில் சொல்லணும்னா சீமாட்டியின் செருப்பு. ஒரு அடி, ஒன்றரை அடி உயரத்துக்குத் தண்டு. உச்சியில் ஒரு பூ, சில சமயம் இரண்டு. கருஞ்சிவப்பும் பழுப்பும் கலந்த நான்கு இதழ்கள் முறுக்கிவிட்ட ரிப்பன் மாதிரி விரிந்திருக்கும். நடுவில் எலுமிச்சை மஞ்சளில் உப்பலாக ஒரு பை. அந்தப் பைதான் செருப்பு. சின்னக் குழந்தைக்குப் போடுற முன்பக்கம் மூடிய செருப்பு இருக்கே, அந்த வடிவம்.

ஐரோப்பாவில் இதுக்குப் பழைய பெயர் 'மரியாளின் காலணி'. சீமாட்டின்னு முதலில் சொன்னது மாதாவைத்தான். 1753-ல் ஸ்வீடன் தாவரவியலாளர் லின்னேயஸ் இதுக்கு அறிவியல் பெயர் வைத்தபோது 'சிப்ரிபீடியம் கால்சியோலஸ்' என்றார். சிப்ரிஸ் என்பது சைப்ரஸ் தீவோடு சம்பந்தப்பட்ட காதல் தெய்வம் அஃப்ரோடிட்டியின், அதாவது ரோமானியர்களின் வீனஸின், இன்னொரு பெயர். ஆக, மாதாவின் காலில் இருந்த செருப்பைக் கழற்றி வீனஸுக்கு மாட்டிவிட்டார். தாவரவியலில் இந்த மாதிரி குறும்புகள் நிறைய உண்டு.

ஒரு விஷயத்தை ஆரம்பத்திலேயே தெளிவா சொல்லிடணும். உலக அளவில் பார்த்தால் இந்தப் பூ அவ்வளவு அபூர்வம் கிடையாது. ஆல்ப்ஸ் மலையில் இருக்கு, ஸ்வீடனில் இருக்கு, எஸ்டோனியாவில் இருக்கு, ரஷ்யா வழியா ஆசியாவுக்குள்ளேயும் போகுது. ஆனா பிரிட்டனில் இது ஒரு காலத்தில் ஒரே ஒரு செடியாகச் சுருங்கிப் போச்சு. ஒரே ஒரு செடி. நம்ம கதை அந்தத் தீவுக்குள்ளே நடந்தது.

முதலில் இடத்தைப் பார்த்துடலாம். வடக்கு இங்கிலாந்தில் யார்க்‌ஷயர் டேல்ஸ் என்கிற பகுதி. முழுக்கச் சுண்ணாம்புக்கல் பூமி. பனியுகத்தில் பனிப்பாறைகள் மேலே நகர்ந்து போனபோது மண்ணை வழித்து எடுத்துவிட்டன. கீழே இருந்த பாறை வெட்டவெளியில் தளம் போட்ட மாதிரி நின்றுவிட்டது. அதன்மேல் ஆயிரக்கணக்கான ஆண்டுகள் மழை பெய்தது. மழைநீர் லேசான அமிலம், சுண்ணாம்பைக் கரைக்கும். அதனால் அந்தப் பாறைத் தளம் முழுக்க வெடிப்பு வெடிப்பா பிளந்துவிட்டது. தூரத்திலிருந்து பார்த்தால் கோயில் பிராகாரத்துக் கல்தளம் மாதிரி இருக்கும், கிட்டப் போனா ஒவ்வொரு கல்லுக்கும் நடுவில் முழங்கால் ஆழத்துக்குப் பள்ளம். அந்தப் பள்ளங்களுக்குள்ளே பெரணிகளும் காட்டுப் பூக்களும் வளரும். மேலே ஆடு மேயுது, உள்ளே அதன் வாய் எட்டாது.

சரிவுகளில் ஆஷ், ஹேசல் மரங்கள் நிற்கிற காடுகள். அடர்ந்த காடு கிடையாது. வெயில் சல்லடையில் விழுந்த மாதிரி துளித்துளியா இறங்கும். மண் மெல்லியது, சுண்ணாம்பு நிறைந்தது. சீமாட்டியின் செருப்புக்குப் பிடித்த இடம் இதுதான். முழு வெயிலும் ஆகாது, முழு நிழலும் ஆகாது. மரத்தை வெட்டினாலும் பிரச்சினை, மரம் ரொம்ப அடர்ந்தாலும் பிரச்சினை. அந்த அரைநிழல் விளிம்பில்தான் அதன் வாழ்க்கை.

இனி மனுஷங்க வர்றாங்க.

1629-ல் லண்டனில் ஒரு பெரிய தோட்டக்கலைப் புத்தகம் வெளிவந்தது. எழுதியவர் ஜான் பார்கின்சன். மன்னர் முதலாம் ஜேம்ஸுக்கு மருந்து தயாரித்துக் கொடுத்தவர். புத்தகத்தோட லத்தீன் தலைப்பே ஒரு சிலேடை: பார்க், இன், சன் என்று தன் பெயரைப் பிரித்து, 'சூரியனில் ஒரு பூங்கா' என்று பொருள் வருகிற மாதிரி வைத்தார். காளமேகப் புலவர் பார்த்திருந்தா கைதட்டியிருப்பார்.

அந்தப் புத்தகத்தில் இந்தப் பூ எங்கே வளர்கிறது என்று குறித்திருக்கிறார். லங்காஷயரும் யார்க்‌ஷயரும் சேருகிற எல்லையில், இங்கிள்பரோ மலையிலிருந்து மூன்று மைல் தொலைவில், ஹெல்க்ஸ் என்கிற காடு. இங்கிள்பரோதான் இங்கிலாந்திலேயே உயரமான மலைன்னும் சேர்த்து எழுதியிருக்கார். அது வெறும் 723 மீட்டர். லண்டனில் உட்கார்ந்து எழுதினா இப்படித்தான்.

இதெல்லாம் அவருக்கு எப்படித் தெரிந்தது? தாமசின் டன்ஸ்டால் என்கிற ஒரு பெண்மணி சொல்லித்தான். ஹார்ன்பி கோட்டைக்குப் பக்கத்தில் வசித்தவர், செடிகள் மேல் பெரிய ஆசை உள்ளவர். அவர் சொன்னதோடு நிறுத்தவில்லை. அந்தச் செடியின் கிழங்கை வேரோடு தோண்டி லண்டனுக்கு அனுப்பிவைத்தார். ஒருமுறை இல்லை, பலமுறை. அவை தன் தோட்டத்தில் அழகாகப் பூத்தன என்று பார்கின்சன் நன்றியோடு எழுதுகிறார்.

இதைக் கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. பிரிட்டனில் இந்தப் பூ வளர்கிற இடத்தைச் சொல்லி அச்சில் வந்த மிகப் பழைய குறிப்புகளில் இது ஒன்று. அதே குறிப்புதான் அந்தச் செடி தோண்டி எடுக்கப்பட்டதுக்கான ஆவணமும். 'இங்கே இருக்கு' என்கிற செய்தியும் 'எடுத்துட்டு வந்துட்டோம்' என்கிற செய்தியும் ஒரே வாக்கியத்தில் இருக்கு. தாமசின் டன்ஸ்டாலைக் குறை சொல்ல எனக்கு மனசு வரலை. 17-ஆம் நூற்றாண்டில் ஒரு பெண், பல்கலைக்கழகமோ சங்கமோ உள்ளே விடாத காலத்தில், தலைநகரத்து அறிஞரோடு செடிகள் வழியா ஒரு உறவு வச்சிருக்காங்க. அவங்க பெயர் வரலாற்றில் தங்கியதே அதனாலதான். காடு முழுக்கப் பூத்துக் கிடந்தபோது நாலு கிழங்கு தோண்டினா என்ன ஆயிடும்னு யாருக்குத் தோணும்?

பிரச்சினை, அடுத்த 250 வருஷமும் எல்லாரும் அதையேதான் நினைச்சாங்க. பக்கத்து ஊரான செட்டிலில் சந்தை நாளில் இந்தப் பூவைக் கட்டுக்கட்டா விற்றிருக்காங்க. நம்ம ஊர்ச் சந்தையில் தாமரை மொட்டு விக்கிற மாதிரி. பூவைப் பறித்தால் செடி மறுவருஷம் திரும்ப வரும், ஆனா விதை விழாது. கிழங்கைத் தோண்டினால் செடியே போச்சு. இரண்டும் சேர்ந்து நடந்தது.

அப்புறம் 19-ஆம் நூற்றாண்டு. விக்டோரியா காலத்து பிரிட்டனுக்கு ஆர்க்கிட் பைத்தியம் பிடித்தது. இது அலங்காரத்துக்குச் சொல்றது இல்லை, அந்தக் காலத்திலேயே அதைப் பைத்தியம்னுதான் சொன்னாங்க. பணக்காரர்கள் கண்ணாடி வீடு கட்டி, நீராவியில் சூடேற்றி, உலகம் முழுக்க ஆள் அனுப்பிச் செடிகளை வரவழைத்தார்கள். நத்தானியேல் வார்டு என்கிற லண்டன் டாக்டர் கண்டுபிடித்த கண்ணாடிப் பெட்டி இதுக்குப் பெரிய உதவி. மூடிய பெட்டிக்குள் ஈரம் சுற்றிக்கொண்டே இருக்கும், மாதக்கணக்கான கப்பல் பயணத்தில்கூடச் செடி சாகாது. இதன் விளைவு எப்படி இருந்ததுன்னு ஒரே ஒரு உதாரணம் சொல்றேன். ஆல்பர்ட் மில்லிகன் என்கிற ஆர்க்கிட் வேட்டைக்காரர் 1891-ல் தன் அனுபவங்களை ஒரு புத்தகமா எழுதினார். கொலம்பியாவில் சுமார் 10,000 ஆர்க்கிட் செடிகளை எடுக்க ஏறத்தாழ 4,000 மரங்களை வெட்டியதா அதில் சாதாரணமா சொல்லிட்டுப் போறார். மரத்தில் ஏறிப் பறிக்கிறதைவிட மரத்தையே சாய்க்கிறது சுலபமாம்.

கொலம்பியாவுக்கு ஆள் அனுப்ப வசதி இல்லாதவங்களுக்கு உள்ளூரிலேயே ஒரு ஆர்க்கிட் இருந்தது. வெப்பமண்டல ஆர்க்கிட் மாதிரியே பெரிய பூ, பகட்டான நிறம். கண்ணாடி வீடுகூட வேண்டாம், அந்தக் குளிரிலேயே வளரும். ரயில் வேற வந்தாச்சு. சுற்றுலாக்காரர்கள் டேல்ஸுக்கு வந்தார்கள், தோட்டக்காரர்கள் வந்தார்கள், வியாபாரிகள் வந்தார்கள். இவங்களோடு இன்னொரு கூட்டமும் வந்தது: தாவரவியல் ஆர்வலர்கள். பூவையும் இலையையும் அழுத்திக் காயவைத்து, காகிதத்தில் ஒட்டி, கீழே தேதியும் ஊரும் எழுதி வைப்பார்கள். ஒரு செடி குறைகிறது என்று தெரிந்தால் இவங்க நிறுத்த மாட்டாங்க. கடைசி ஒண்ணு தன் சேகரிப்பில் இருக்கணும்னு வேகமா வருவாங்க. இன்னைக்கு அருங்காட்சியகங்களில் இந்தப் பூவின் காய்ந்த மாதிரிகள் இருக்கு. அவை வந்த காடுகளில் பல இடங்களில் செடிதான் இல்லை.

அந்த ஊர்க்காரர் ஒருத்தரைப் பற்றிச் சொல்லாமல் போக முடியாது. ரெஜினால்ட் ஃபேரர். இங்கிள்பரோ மலையடிவாரத்தில், கிளாப்பம் கிராமத்து ஜமீன் வீட்டுப் பிள்ளை. பாறைத் தோட்டக் கலையை பிரிட்டனில் ஒரு மோகமாக்கியவர். துப்பாக்கியில் விதைகளை அடைத்துப் பாறை முகட்டைப் பார்த்துச் சுட்டு விதைத்தார்னு அவரைப் பற்றி ஒரு ஊர்க்கதை உண்டு. தன் ஊர்க் காடுகளிலிருந்து சீமாட்டியின் செருப்பு காணாமல் போனதைப் பற்றி வருந்தி எழுதியவர் இவர். இவரே பிறகு சீனாவுக்கும் பர்மாவுக்கும் போய்ப் புதிய செடிகளை வேட்டையாடி அனுப்பினார், 1920-ல் பர்மா மலைகளிலேயே இறந்தும் போனார். தன் காட்டுக்கு வந்த கொள்ளைக்காக அழுதவர், இன்னொருத்தர் காட்டுக்குக் கூடையோடு போனார். அவரைக் கபடக்காரர்னு சொல்றது சுலபம். எனக்கு என்ன தோணுதுன்னா, 'நான் எடுப்பது ஆராய்ச்சி, மற்றவன் எடுப்பது திருட்டு' என்கிற நினைப்பு அந்தக் காலத்துச் செடிப்பிரியர் எல்லார் மனசிலும் இருந்தது.

1917-ல் இந்தப் பூ பிரிட்டனில் அழிந்துவிட்டதாக அறிவிக்கப்பட்டது.

பதின்மூன்று வருஷம் கழித்து, 1930-ல், யார்க்‌ஷயர் டேல்ஸில் ஒரு ஒதுக்குப்புறமான சரிவில் ஒரே ஒரு செடி கண்ணில் பட்டது.

கண்டுபிடித்தவர்கள் 300 வருஷமா யாருமே செய்யாத ஒரு காரியத்தைச் செய்தார்கள். வாயை மூடிக்கொண்டார்கள். பத்திரிகைக்குச் சொல்லலை, இடத்தைக் குறிப்பிட்டுக் கட்டுரை எழுதலை. நம்பிக்கையான சிலருக்கு மட்டும் தெரியும், அவங்க அடுத்த தலைமுறையில் நம்பிக்கையான சிலருக்குச் சொன்னாங்க. குருகுலத்தில் மந்திர உபதேசம் பண்ற மாதிரி. 1970-ல் இதுக்குன்னு ஒரு குழுவே அமைந்தது, சிப்ரிபீடியம் கமிட்டி. பூக்கிற காலத்தில் ஆள் போட்டுக் காவல் காத்தார்கள். 1975-ல் பிரிட்டன் காட்டுச் செடிகளைப் பாதுகாக்க ஒரு சட்டம் கொண்டுவந்தது. தோண்டவோ பறிக்கவோ கூடாது என்ற பட்டியலில் 21 செடிகள். அதில் இதுவும் ஒன்று.

ஆக, ரகசியம் வேலை செய்தது. செடி பிழைத்தது. ஆனா இங்கேதான் கதையில் எனக்கு ரொம்ப முக்கியமான இடம் வருது. 1930-ல் ஒரு செடி. இருபது வருஷம் கழித்துப் பார்த்தாலும் ஒரு செடி. நாற்பது வருஷம் கழித்தும் அதே ஒரு செடி. யாரும் தொடலை, யாரும் மிதிக்கலை, சட்டம் இருக்கு, காவல் இருக்கு. அப்புறம் ஏன் அது இரண்டாகலை?

அதுக்குப் பூவோட உள்ளே போகணும்.

அந்த மஞ்சள் பை இருக்கே, அது ஒரு பொறி. மண்ணில் வளை தோண்டித் தனியா வாழும் ஒரு வகைச் சின்னத் தேனீக்கள், வாசனையையும் நிறத்தையும் பார்த்து, தேன் இருக்கும்னு நம்பி வரும். விளிம்பில் உட்காரும். விளிம்பு வழுக்கும், தேனீ உள்ளே விழும். உள்சுவரும் வழவழன்னு இருக்கும், வந்த வழியே ஏற முடியாது, விளிம்பு உள்பக்கமா மடிஞ்சிருக்கு. உள்ளே ஒரு துளி தேன்கூடக் கிடையாது. தேனீ சுற்றிச்சுற்றி முட்டும். பையின் பின்பக்கச் சுவரில் மட்டும் ரோமங்கள் ஏணி மாதிரி இருக்கும். அந்தப் பக்கம் சுவரில் வெளிச்சம் கசிகிற மெல்லிய ஜன்னல்களும் உண்டு. தேனீ வெளிச்சத்தைப் பார்த்து அந்த ஏணியில் ஏறும். மேலே இரண்டு பக்கமும் குறுகலான இரண்டு சந்து. அதில் நெளிந்து வெளியே வரும்போது முதலில் சூல்முடியில் முதுகு உரசும், அடுத்து மகரந்தத்தில் உரசும். பிசுபிசுன்னு பசை மாதிரி மகரந்தம் முதுகில் ஒட்டிக்கும்.

வரிசையைக் கவனிச்சீங்களா? முதலில் சூல்முடி, அப்புறம்தான் மகரந்தம். அதனால ஒரு தேனீ ஒரு பூவில் ஏமாந்தால் மட்டும் போதாது. மகரந்தத்தோடு பறந்து போய் இன்னொரு பூவிலும் அதே மாதிரி ஏமாறணும். தேனீக்கும் புத்தி இருக்கு, நிறைய முறை ஏமாறாது. பூக்கள் நூற்றுக்கணக்கில் இருக்கிற காட்டில் இந்த ஏமாற்று வேலை எப்படியோ நடந்துவிடும். ஒரே ஒரு செடி நிற்கிற சரிவில் அது நடக்க வாய்ப்பு ரொம்பக் குறைவு. 1970-க்குப் பிறகு ஆட்களே கையால் மகரந்தத்தை எடுத்துச் சூல்முடியில் வைத்தார்கள்.

காய் காய்த்தது. அடுத்த பிரச்சினை விதை. ஆர்க்கிட் விதை ஒண்ணொண்ணும் தூசு. ஒரு காயில் ஆயிரக்கணக்கில் இருக்கும். காற்றில் பறக்க வசதியா எடையே இல்லாம இருக்கும், ஏன்னா உள்ளே சாப்பாடே கிடையாது. நெல்லை எடுத்துக்கோங்க, கருவுக்குப் பக்கத்திலேயே மாவு இருக்கு, முளை அதைத் தின்னு வளரும். ஆர்க்கிட் விதை கட்டுச்சோறு இல்லாமல் வீட்டை விட்டுக் கிளம்பின பிள்ளை. மண்ணில் அதுக்கேத்த ஒரு பூஞ்சை கிடைக்கணும். பூஞ்சை உள்ளே நுழைந்து, விதை அந்தப் பூஞ்சையிடமிருந்தே உணவை எடுத்து, வெளிச்சமே படாமல் மண்ணுக்கடியில் வருஷக்கணக்கில் கிடந்து, அப்புறம்தான் முதல் இலை. பூக்க இன்னும் பல வருஷம். பூஞ்சையின் பங்கை முதலில் கண்டுபிடித்தவர் நோயல் பெர்னார் என்கிற பிரெஞ்சுக்காரர், 1899-ல். 1922-ல் அமெரிக்காவில் லூயிஸ் நட்சன், பூஞ்சை இல்லாமலே சர்க்கரை கலந்த ஜெல்லியில் ஆர்க்கிட் விதையை முளைக்க வைத்துக் காட்டினார். இன்னைக்கு நர்சரியிலும் கல்யாண மண்டப அலங்காரத்திலும் ஆர்க்கிட் இவ்வளவு சாதாரணமா கிடைக்குதுன்னா, அதன் வேர் அந்த ஜெல்லியில் இருக்கு.

ஆனா வெப்பமண்டல ஆர்க்கிட்டுக்குப் பலித்தது சீமாட்டியின் செருப்புக்கு அவ்வளவு லேசில் பலிக்கவில்லை. குளிர் நாட்டுத் தரை ஆர்க்கிட் அது. விதை முற்றியதும் மேலுறை கெட்டிப்பட்டு, ஜெல்லியில் போட்டாலும் அசையாமல் கிடக்கும்.

1983-ல் லண்டன் க்யூ தாவரவியல் பூங்காவில் இதுக்காக ஒரு திட்டம் தொடங்கியது. பணம் கொடுத்தவர்கள் சர் ராபர்ட் செயின்ஸ்பரியும் அவர் மனைவி லிசாவும். ஆமா, பிரிட்டனின் பெரிய சூப்பர்மார்க்கெட் குடும்பம்தான். மளிகை லாபம் ஒரு பூவைக் காப்பாற்றப் போனது. ஆராய்ச்சியாளர்கள் கையால் மகரந்தம் சேர்த்து, காய் முற்றும் முன்பே பறித்து, இளசான விதையை எடுத்து முளைக்கவிட்டார்கள். உறை கெட்டிப்படும் முன்னே ஆளை எழுப்பிவிடுகிற மாதிரி. அதே காலகட்டத்தில் ஸ்வீடனைச் சேர்ந்த ஸ்வாண்டே மால்ம்கிரென் இந்த வகை ஆர்க்கிட்டுகளுக்கு ஒரு வளர்ப்புக் கரைசல் உருவாக்கியிருந்தார். அதில் என்ன இருந்தது தெரியுமா? ஆஸ்பத்திரியில் நோயாளிக்கு டிரிப்ஸில் ஏற்றுகிற அமினோ அமிலக் கரைசல், சர்க்கரை, அன்னாசிப்பழச் சாறு! உலகம் முழுக்க இந்தச் செடியை வளர்க்கிறவர்களுக்கு அது பெரிய திறப்பு.

1989-ல் ஆய்வகத்தில் வளர்ந்த முதல் நாற்றுகளைக் காட்டில் நட்டார்கள். நத்தை தின்றது, முயல் தின்றது, வறட்சியில் சில போயின. திரும்பத் திரும்ப நட்டார்கள். நட்ட செடி ஒன்று முதல்முறையாகப் பூத்தது 2000-ல். பதினோரு வருஷக் காத்திருப்பு. நாற்று நட்ட அன்னைக்குப் பிறந்த குழந்தை அதுக்குள்ளே ஆறாம் கிளாஸ் போயிருக்கும்.

இப்போ என் கருத்து. இந்தக் கதையைச் சொல்ற பலபேர் 'ரகசியம்தான் இந்தப் பூவைக் காப்பாற்றியது'ன்னு முடிச்சிடறாங்க. அது பாதி உண்மைதான். ரகசியம் அந்தச் செடியைச் சாகாமல் வைத்திருந்தது. ஒரு இனத்தைக் காப்பாற்ற அது போதலை. நாற்பது வருஷம் பூட்டிய அறையில் வைத்த நகை மாதிரி இருந்தது அது. ரகசியத்தோடு கைமகரந்தம், ஆய்வகம், நாற்று எல்லாம் சேர்ந்த பிறகுதான் பக்கத்தில் இன்னொரு செடி நின்றது. அதே சமயம், அந்த நாற்பது வருஷ மௌனம் இல்லைன்னா ஆய்வகத்துக்குக் கொண்டுபோக ஒரு காய்கூட மிஞ்சியிருக்காது.

சில்வர்டேல் கோல்ஃப் மைதானச் செடிக்கு வருவோம். அது இயற்கையா அங்கே முளைத்ததா, எப்போதோ யாரோ ஐரோப்பாவிலிருந்து கொண்டுவந்து நட்டதான்னு தாவரவியலாளர்களுக்குள்ளே பெரிய சந்தேகம் உண்டு. ஆனாலும் அது ஊருக்கே தெரிந்த செடி. பூக்கிற நாளில் ஜனங்க வரிசையா வந்து பார்ப்பாங்க, படம் எடுப்பாங்க. அதனாலதான் வெட்டியவனுக்கும் இடம் தெரிஞ்சது. காட்டினால் களவு, மறைத்தால் தனிமை. இரண்டுக்கும் நடுவில் ஒரு வழி வேணும்.

இந்தச் சிக்கல் நமக்குத் தூரத்துச் சங்கதி கிடையாது. நம்ம பொதிகை மலையில், அதாவது அகத்தியர் மலைத்தொடரில், இந்தப் பூவுக்கு ஒரு ஒன்றுவிட்ட சகோதரி இருக்கா. தென்னிந்தியாவின் ஒரே செருப்பு ஆர்க்கிட். மஞ்சள் பூ, இதழ்களின் நடுவில் கரும்பழுப்புக் கோடு. இங்கிலாந்துக்காரி அரைநிழலில் வாழ்கிறவள், இவள் சுமார் 1,400 மீட்டருக்கு மேலே, புல் மூடிய பாறைச் சரிவில் வெயிலைப் பார்த்து நிற்கிறவள். 1860-களில் திருவிதாங்கூர் பக்கம் இருந்த கர்னல் ஹீபர் டிரூரி என்கிற ராணுவ அதிகாரி கண்டெடுத்தார். சென்னை மாகாண வனத்துறையில் இருந்த பெட்டோம் 1874-ல் அவர் பெயரையே வைத்து உலகத்துக்கு அறிவித்தார். இன்றைய பெயர் பாஃபியோபீடிலம் டிரூரியை. அப்புறம் பல பத்தாண்டுகள் யார் கண்ணிலும் படவில்லை. 1972-ல் மறுபடி கண்டுபிடித்தார்கள். செய்தி வெளியே போனது. பின்னாடியே சேகரிப்பவர்கள் வந்தார்கள், செடிகளை மூட்டையா அள்ளிக்கொண்டு போனார்கள். யார்க்‌ஷயரில் 300 வருஷம் எடுத்தது இங்கே சில வருஷத்தில் முடிந்தது. இன்று அது அழிவின் விளிம்பில் இருக்கும் இனம், சர்வதேச வியாபாரம் தடை. திருவனந்தபுரம் பக்கத்தில் பாலோடில் உள்ள தாவரவியல் ஆராய்ச்சி நிறுவனத்தில் திசு வளர்ப்பில் பெருக்கி, மலையில் திரும்ப நட்டுப் பார்த்திருக்கிறார்கள்.

1930-ல் யார்க்‌ஷயர் சரிவில் நின்ற அந்தச் சில பேரிடம் கேமரா போன் இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்னு நான் அடிக்கடி நினைக்கிறது உண்டு. இன்னைக்கு அதுக்கு யாரும் துரோகம் பண்ண வேண்டாம். படத்தை மட்டும் போட்டா போதும், சில சமயம் அதுக்குள்ளேயே இடமும் பதிவாகியிருக்கும். டிரெக்கிங் போறவங்க நிறையப் பேர் நம்ம எபிசோட்களைக் கேட்கறீங்க. மலையில் அபூர்வமா எதையாவது பார்த்தா படம் எடுங்க, தாராளமா எடுங்க. இடத்தை மட்டும் போடாதீங்க. வனத்துறைக்குச் சொல்லுங்க, தெரிஞ்ச தாவரவியல் ஆசிரியருக்குச் சொல்லுங்க. 'லொகேஷன் பிளீஸ்'னு கமெண்ட்டில் கேட்கிறவங்களுக்குச் சொல்லாதீங்க. தாமசின் டன்ஸ்டால் மாதிரி நல்ல மனசோட கேட்கிறவங்களா இருந்தாலும் சரி.

இங்கிலாந்தில் அந்த நடுவழியை ஓரளவு கண்டுபிடிச்சிருக்காங்க. மீண்டும் நட்ட இடங்களில் பெரும்பாலானவை இன்னும் வெளியே தெரியாது. ஒன்றிரண்டை மட்டும் பொதுமக்களுக்குத் திறந்துவிட்டார்கள். லங்காஷயரில் கேட் பாரோஸ் என்கிற சுண்ணாம்புப் பாறைக் காப்பகத்தில், மே கடைசி ஜூன் தொடக்கத்தில், பாதையோரமா நின்று இந்தப் பூவைப் பார்க்கலாம். யாருக்கும் எதையும் ஒளிக்க வேண்டாம். ஒருத்தன் வெட்டிக்கிட்டுப் போனாலும் மற்ற இடங்களில் செடி இருக்கு. சில ஆண்டுகளுக்கு முன், யார்க்‌ஷயரில் யாரும் நடாத ஒரு நாற்று தானாகவே முளைத்திருப்பதையும் பார்த்திருக்கிறார்கள். தேனீ ஏமாந்து, விதை பறந்து, பூஞ்சை கிடைத்து, எல்லாம் ஒருமுறை சரியா நடந்திருக்கு. அது எந்த இடம்னு சொல்லலை.

1930-ல் கண்டெடுத்த அந்தச் செடி இருக்கிற இடத்தையும் இன்னும் சொல்லலை.